இல்லாத ஒரு புள்ளியைத் தேடி

முருங்கைப் பொடி பாக்கெட்டின் பின்பக்கத்தில் அந்த வரி இருந்தது: பாலக்கைவிட 25 மடங்கு இரும்புச்சத்து. ஊட்டச்சத்துப் பாடத்தில் எம்.எஸ்சி. படிக்கும் அண்ணன் மகள் அதை அப்படியே தன் புராஜெக்ட்டின் முதல் பக்கத்தில் எழுதிவிட்டாள். கைடு பக்கத்தில் சிவப்பு மையில் ஒரே ஒரு கேள்விக்குறி போட்டுத் திருப்பிக் கொடுத்திருந்தார்.

"ரெஃபரன்ஸ் கேக்குறாங்க அத்தை. நெட்ல எங்க பார்த்தாலும் இருக்கு. இதுல எதைப் போடுறது?"

மடிக்கணினியைத் திறந்து காட்டினாள். உண்மைதான், எங்கே பார்த்தாலும் இருந்தது. சித்த மருத்துவக் குறிப்பு, சமையல் தளம், அமெரிக்க மாத்திரைக் கடை, ஆப்பிரிக்க விவசாயத் திட்ட அறிக்கை, இரண்டு மூன்று ஆய்வுக்கட்டுரைகள்கூட. ஆரஞ்சைவிட 7 மடங்கு வைட்டமின் சி, கேரட்டைவிட 4 மடங்கு வைட்டமின் ஏ, பாலைவிட 4 மடங்கு கால்சியம், வாழைப்பழத்தைவிட 3 மடங்கு பொட்டாசியம், பாலக்கைவிட 25 மடங்கு இரும்பு. பக்கத்துக்குப் பக்கம் அதே ஜோடிகள், அதே எண்கள்.

எனக்கு உறுத்தியது அந்த ஒற்றுமைதான். நூறு பேர் தனித்தனியாக அளந்திருந்தால் ஒருவராவது கொய்யாவோடு ஒப்பிட்டிருப்பார். ஓர் ஆய்வகத்தில் 6 மடங்கும் இன்னோர் ஆய்வகத்தில் 9 மடங்கும் வந்திருக்கும். ஏட்டுச்சுவடி பதிப்பித்தவர்களுக்கு இது பழகிய விஷயம். இரண்டு சுவடிகளில் ஒரே இடத்தில் ஒரே விசித்திரமான பிழை இருந்தால் அவற்றை இரண்டு சாட்சிகளாக எண்ணக்கூடாது. ஒன்றைப் பார்த்து இன்னொன்று எழுதப்பட்டிருக்கும், அல்லது இரண்டும் மூன்றாவது ஒன்றைப் பார்த்து எழுதப்பட்டிருக்கும். அண்ணன் மகள் திறந்து வைத்திருந்த பன்னிரண்டு ஜன்னல்களும் பன்னிரண்டு சுவடிகள். மூலச்சுவடி எங்கே என்பதுதான் கேள்வி.

கீரைக்கும் இரும்புக்கும் உள்ள வழக்கில் ஏற்கெனவே ஒரு துப்பறியும் கதை நடந்து முடிந்திருக்கிறது. முருங்கைக்கு வருமுன் அதைச் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் தலைமுறை பள்ளியிலேயே கேட்ட கதை இது. 19ஆம் நூற்றாண்டில் ஒரு ஜெர்மானிய வேதியியலாளர் பாலக்கின் இரும்பை அளந்து எழுதும்போது தசமப் புள்ளியை ஓரிடம் தள்ளி வைத்துவிட்டாராம். அளவு பத்து மடங்காகிவிட்டதாம். 1930களில் பிழையைக் கண்டுபிடிப்பதற்குள் உலகமே பாலக்கை இரும்புச் சுரங்கம் என்று நம்பிவிட்டது, பாப்பாய் மாலுமி டப்பா டப்பாவாகத் தின்னத் தொடங்கியதும் அதனால்தான் என்று கதை முடியும். கவனக்குறைவின் விலை என்ன என்று மாணவர்களுக்குச் சொல்ல இதைவிட நல்ல உதாரணம் கிடைக்குமா? ஆசிரியர்கள் சொன்னார்கள், பாடநூல்கள் சொல்லின, ஆய்விதழ்களும் சொல்லின.

ஆய்விதழில் சொன்னவர்கள் பெரும்பாலும் கைகாட்டியது ஒரே கட்டுரையை. 1981 டிசம்பரில் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலின் கிறிஸ்துமஸ் இதழில் டெரன்ஸ் ஹாம்ப்ளின் என்ற ரத்தவியல் மருத்துவர் அறிவியல் மோசடிகளைப் பற்றி எழுதியது அது. அந்தப் பத்திரிகையின் கிறிஸ்துமஸ் இதழில் கொஞ்சம் கேலியும் கலந்திருக்கும். ஹாம்ப்ளின் தசமப் புள்ளிக் கதையைப் போகிற போக்கில் சொல்லியிருந்தார். எந்த ஜெர்மானியர், எந்த ஆண்டு, எந்தக் கட்டுரை என்று ஒரு அடிக்குறிப்பும் கிடையாது.

2010இல் மைக் சட்டன் அந்த அடிக்குறிப்பைத் தேடிப் புறப்பட்டார். பிரிட்டனின் நாட்டிங்ஹாம் டிரென்ட் பல்கலைக்கழகத்தில் குற்றவியல் கற்பித்தவர். கீரைக்கும் அவருக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். பொய் எப்படிப் பரவுகிறது என்பது குற்றவியலுக்கும் உரிய கேள்விதான். தேடத் தேட ஜெர்மானியரின் புள்ளி எங்குமே அகப்படவில்லை. ஹாம்ப்ளினையே கேட்டார், எங்கே படித்தோம் என்பது அவருக்கும் நினைவில் இல்லை. பாப்பாயின் பழைய சித்திரக் கதைகளைப் புரட்டினார். 1932இல் பாப்பாய் கீரை தின்பதற்குத் தானே காரணம் சொல்கிறான், அது வைட்டமின் ஏ. இரும்பு என்ற பேச்சே அங்கு இல்லை. பிறகு இன்னும் ஒரு படி மேலே ஏறியபோது, ஹாம்ப்ளினுக்கு முன்பே 1970களில் ஆர்னால்ட் பெண்டர் என்ற ஊட்டச்சத்து அறிஞர் இந்தக் கதையைச் சொல்லியிருந்தது தெரிந்தது. அதற்கு மேல் சரடு அறுந்துபோகிறது.

2014இல் நார்வே நாட்டு ஆய்வாளர் ஓலே பியோன் ரெக்தால் இதை எடுத்துக்கொண்டு, கல்விப்புலத்தில் கட்டுக்கதைகள் எப்படிக் குடியேறுகின்றன என்று ஒரு கட்டுரை எழுதினார். அதில் என்னைச் சிரிக்க வைத்த இடம் ஒன்று உண்டு. 'மூலத்தைச் சரிபாருங்கள்' என்று மற்றவர்களுக்குப் புத்தி சொல்பவர்களே, மூலத்தைச் சரிபாராமல், இந்தப் புள்ளிக் கதையை உதாரணமாக எடுத்து வைத்திருந்தார்கள்.

சரி, ஹாம்ப்ளினின் கட்டுரை கையில் இருக்கிறது, அதற்கு 33 ஆண்டு கழித்து ரெக்தால் மறுப்பு எழுதியிருக்கிறார். 1981இன் கட்டுரையைப் படிப்பவருக்கு 2014இன் கட்டுரை இருப்பது எப்படித் தெரியும்? அடிக்குறிப்புகள் பின்னோக்கித்தான் காட்டும். கட்டுரை எழுதுபவர் தனக்கு முன்னால் வந்தவர்களைச் சொல்ல முடியும், தனக்குப் பின்னால் யார் வந்து தன்னை உதைக்கப் போகிறார் என்று எழுதிவைக்க முடியாது. பாட்டன் பெயர் தெரிந்த பேரன் இருப்பான், பிறக்கப்போகும் பேரனின் பெயரைப் பாட்டன் எங்கே போய்க் கேட்பது?

இந்தச் சிக்கலை முதலில் தீர்த்தது விஞ்ஞானிகள் இல்லை, வக்கீல்களின் உலகம். ஒரு பழைய தீர்ப்பை ஆதாரமாகக் காட்டி வாதாடும்போது, அந்தத் தீர்ப்பைப் பின்னால் வேறொரு நீதிமன்றம் ரத்து செய்திருந்தால் கட்சிக்காரர் கதி என்ன? அமெரிக்காவின் இல்லினாயில் ஃபிராங்க் ஷெப்பர்ட் என்பவர் 1873இல் ஒரு வழி செய்தார். ஒவ்வொரு தீர்ப்பையும் பின்னால் எந்தெந்தத் தீர்ப்புகள் எடுத்துப் பேசின என்று அச்சடித்த பசைத்தாள்களை விற்றார். வக்கீல்கள் அவற்றைத் தங்கள் சட்டப் புத்தகங்களின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டார்கள்.

யூஜின் கார்ஃபீல்ட் இதை அறிவியலுக்குக் கொண்டுவந்தார். 1955இல் சயன்ஸ் இதழில் யோசனையை எழுதினார். 1960களின் முதல் பாதியில் அது அச்சிலேயே வந்துவிட்டது: 1961ஆம் ஆண்டின் 613 ஆய்விதழ்களிலிருந்து சுமார் 14 லட்சம் மேற்கோள்களைப் பிரித்தெடுத்து, தலைகீழாக அடுக்கிய தடித்தடித் தொகுதிகள். ஒரு பழைய கட்டுரையின் பெயரைத் தேடினால் அதைப் புதிதாக எடுத்துப் பேசியவர்கள் வரிசையாக நிற்பார்கள். 1990களின் இறுதியில் லாரி பேஜும் செர்கே பிரின்னும் இணையப் பக்கங்களுக்கு வரிசை போட்ட முறையும் இந்தக் குடும்பத்துப் பிள்ளைதான். யாரை அதிகம் பேர் கைகாட்டுகிறார்களோ அவர் முன்னால் நிற்பார். அண்ணன் மகளின் பிரச்சினைக்கு ஒரு வேரும் இங்கே இருக்கிறது. அதிகம் பேர் கைகாட்டுவது அதிகம் பிரபலமானது என்று அர்த்தம், அதிகம் அளக்கப்பட்டது என்று அர்த்தமில்லை.

கரக்பூர் ஐ.ஐ.டி.யில் படித்த அனுராக் ஆச்சார்யாவும் அலெக்ஸ் வெர்ஸ்டாக்கும் உருவாக்கிய கூகுள் ஸ்காலர் 2004 நவம்பரில் வந்தது. அதில் ஒவ்வொரு கட்டுரையின் கீழும் சின்ன எழுத்தில், இதை இத்தனை பேர் மேற்கோள் காட்டியுள்ளனர் என்று ஓர் எண் இருக்கும். மாணவர்கள் பலர் அதை மதிப்பெண் போலப் பார்த்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். அது கதவு. தட்டினால் திறக்கும். ஹாம்ப்ளின் கட்டுரையின் கீழே தட்டச் சொன்னேன். பின்னால் வந்த கட்டுரைகள் வரிசையாக விரிந்தன. மேலே, இவற்றுக்குள் மட்டும் தேடு என்று ஒரு கட்டம். அதை டிக் செய்துவிட்டு, கட்டுக்கதை என்பதற்கான ஆங்கிலச் சொல்லை அடித்தாள். ரெக்தால் வந்து நின்றார். முழுதாக ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. கார்ஃபீல்டின் காலத்தில் இதற்கு நூலகத்தில் அரை நாள் குனிந்து நிற்க வேண்டியிருந்திருக்கும்.

"அப்ப பாலக்குல இரும்பு நிஜமா எவ்வளவு?"

பச்சைக் கீரை 100 கிராமில் சுமார் 2.7 மில்லிகிராம். ஆனால் அந்த 100 கிராமில் 91 கிராம் தண்ணீர். எல்லா இரும்பும் மீதி 9 கிராமில்தான் இருக்கிறது. தண்ணீரை முழுக்க வற்றவைத்து, அந்த உலர்ந்த தூளை 100 கிராம் எடுத்து அளந்தால் 30 மில்லிகிராம் வரும். யாரும் புள்ளியைத் தள்ளி வைக்கவில்லை. ஒரே கீரை, ஒரே இரும்பு, எண் மட்டும் பதினொரு மடங்கு. கீரைக் கணக்கில் குழப்பம் வர, பச்சையா காய்ந்ததா என்று சொல்லாமல் விட்டாலே போதும்.

இதைச் சொன்னதும் பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தாள். பாக்கெட்டில் இருப்பது பொடி.

முருங்கைச் சரட்டைப் பிடிப்பது அவ்வளவு சுலபமாக இல்லை. முதலில் பெயர். நம்மூர் ஆய்விதழ்களில் 'டிரம்ஸ்டிக் லீவ்ஸ்', வெளிநாட்டில் 'மொரிங்கா', தாவரப் பெயர் 'மொரிங்கா ஒலிஃபெரா', பழைய கட்டுரைகளில் 'மொரிங்கா டெரிகோஸ்பெர்மா'. ஒரு பெயரில் தேடினால் மற்ற மூன்றின் கீழ் உள்ளவை கண்ணில் படாது. (பாலக்குக்கும் இதே கதி. அகராதிகள் பல அதைப் பசலை என்கின்றன. நம் வேலியில் படரும் கொடிப்பசலை முற்றிலும் வேறு செடி.) தமிழில் தேடுவது இன்னொரு கூத்து. சில பழைய தரவுத்தளங்கள் எழுத்தை எழுத்தாகவே பொருத்திப் பார்ப்பவை. அங்கே 'மரம்' என்று கேட்டால் 'மரத்தை', 'மரத்தில்' எதுவும் வராது, 'மர' என்று வெட்டிக் கொடுக்க வேண்டும். யூனிகோடுக்கு முன்பு தட்டச்சான தமிழ்ப் பி.டி.எஃப்.கள் பலவற்றில் கண்ணுக்குத் தெரிவது தமிழ், உள்ளே இருப்பது வேறு எழுத்துருவுக்கான ஆங்கில எழுத்துகளின் குப்பை. தேடுபொறிக்கு அது தமிழே இல்லை. ஆகவே தமிழில் 'ஒன்றும் கிடைக்கவில்லை' என்றால் ஒன்றும் இல்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம், ஈழத்து நூல்களுக்கு நூலகம் தளம், இந்தியப் பல்கலைக்கழக ஆய்வேடுகளுக்கு ஷோத்கங்கா என்று நேரே வாசலுக்குப் போய்த் தலைப்புகளைக் கண்ணால் புரட்டுவதுதான் இன்றும் நல்ல வழி.

அடுத்து மேற்கோள் குறி. தேடும் சொற்றொடரை இரட்டை மேற்கோளுக்குள் அடைத்தால் அந்தச் சொற்கள் அதே வரிசையில் உள்ள பக்கங்களைத்தான் தேடுபொறி தேடும். அண்ணன் மகள் 25 மடங்கு என்ற ஆங்கிலத் தொடரை அப்படி அடைத்து, ஸ்காலரில் ஆண்டு வரம்பைக் குறைத்துக்கொண்டே வந்தாள். 2020, 2010, 2005. பக்கங்கள் உதிர்ந்துகொண்டே வந்தன. விற்பனைத் தளங்களைக் கழித்தல் குறி போட்டு விலக்கினாள். பி.டி.எஃப். மட்டும் வேண்டும் என்று வடிகட்டினாள். கடைசியில் இரண்டு இடங்களில் வந்து நின்றது: செனகலில் முருங்கையைப் பரப்பிய லோவெல் ஃபுக்லி 1990களின் இறுதியில் வெளியிட்ட நூல் வழியாகப் பரவிய ஓர் அட்டவணை, ஒரு தொண்டு நிறுவனத்தின் சுவரொட்டி.

சுவரொட்டியை இருவரும் பெரிதாக்கிப் பார்த்தோம். அதில் இரண்டு பத்திகள் இருந்தன. காய்ந்த முருங்கையிலை: பாலக்கைவிட 25 மடங்கு இரும்பு. பச்சை முருங்கையிலை: பாலக்கின் இரும்பில் முக்கால் பங்கு.

முக்கால் பங்கு! இருபத்தைந்தை உலகம் முழுக்கக் கொண்டுபோனவர்கள் முக்காலைத் தொடாமல் விட்டுவிட்டார்கள்.

எண்கள் எங்கிருந்து வந்தன என்று பார்த்தால் சரடு நம் பக்கம் திரும்புகிறது. பச்சைக் கீரைகளின் எண்கள், ஐதராபாத்தில் உள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனத்தின் சி. கோபாலனும் சகாக்களும் தொகுத்த இந்திய உணவு அட்டவணையுடையவை. அந்த நிறுவனம் பிறந்தது நீலகிரியில், குன்னூரில், 1918இல். இந்திய உணவுகளுக்கான முதல் அட்டவணையை ஐக்ராய்ட் 1937இல் வெளியிட்டதும் அங்கிருந்துதான். கோபாலன் அட்டவணையின் திருத்திய பதிப்பில் பாலக்கின் இரும்பு 1.14 மில்லிகிராம், முருங்கைக்கீரை 0.85. வகுத்தால் முக்கால். ஃபுக்லியின் அட்டவணையில் முருங்கைப் பொடி 28.2. அதை 1.14ஆல் வகுத்தால் ஏறக்குறைய 25.

ஆக, காய்ந்த முருங்கையைப் பச்சைப் பாலக்கோடு ஒப்பிட்டிருக்கிறார்கள். அதுகூடப் பரவாயில்லை. வேறு ஒன்று இடித்தது. பச்சை முருங்கையில் முக்கால்வாசிதான் தண்ணீர். உலர்த்தினால் எல்லாச் சத்தும் நான்கு மடங்குக்குக் கிட்டத்தட்ட செறியும், அவ்வளவுதான். 0.85 எப்படி 28.2 ஆகும்? அது முப்பத்து மூன்று மடங்கு. வெயில் இரும்பு தயாரிக்காது. இரண்டு எண்களும் வெவ்வேறு இலைகளில், வெவ்வேறு கைகளால், வெவ்வேறு முறையில் அளக்கப்பட்டவை. ஒரே வரிசையில் அச்சானதால் சொந்தக்காரர்கள் போலத் தெரிகின்றன.

கோபாலன் அட்டவணையின் பழைய பதிப்புகளில் பாலக்கின் இரும்பு 10.9 என்று இருந்தது, பின்னால் 1.14 ஆனது. ஜெர்மனியில் நடக்காத பத்து மடங்கு வித்தியாசம் இங்கே நடந்திருக்கிறது, தசமப் புள்ளியின் உதவி இல்லாமலே. இரும்பை அளப்பது அப்படித்தான். மண்ணிலேயே இரும்பு நிறைய உண்டு, இலையைச் சரியாகக் கழுவாவிட்டால் எண் எகிறிவிடும். அதே நிறுவனம் 2017இல் புதிதாக அளந்து வெளியிட்ட அட்டவணையில் பாலக் 3 மில்லிகிராமுக்குச் சற்றுக் கீழே, முருங்கைக்கீரை நாலரை அளவில். அமெரிக்க வேளாண்துறையின் தரவுத்தளத்தில் பாலக் 2.7, முருங்கை 4. பச்சைக்குப் பச்சை ஒப்பிட்டால் ஒன்றரை மடங்கு. ஒன்றரை மடங்கும் மட்டமில்லை, முருங்கைக்கு அது பெருமைதான். பாக்கெட்டில் அச்சடிக்கத்தான் எடுப்பாக இருக்காது.

இந்தத் தேடலில் அவள் நடுவழியில் ஒரு குறுக்குவழி எடுத்தாள் என்பதையும் சொல்ல வேண்டும். செயற்கை நுண்ணறிவு உரையாடியிடம் ரெஃபரன்ஸ் கேட்டாள். ஆசிரியர் பெயர், ஆண்டு, இதழ், பக்க எண் எல்லாம் அழகாக வந்தது. டி.ஓ.ஐ. எண்ணைப் போட்டுப் பார்த்தால் அப்படி ஒரு கட்டுரையே இல்லை. 2023இல் நியூயார்க் வக்கீல்கள் இருவர் இதே பள்ளத்தில் விழுந்து, இல்லாத தீர்ப்புகளை நீதிமன்றத்தில் காட்டி, 5,000 டாலர் அபராதம் கட்டினார்கள். 1873இலேயே பசைத்தாள் ஒட்டிச் சரிபார்த்த தொழில் அது.

இயந்திரம் தானாகக் கற்பனை செய்வது ஒரு வகை. மனிதப் பிழையை விழுங்கி, பத்திரப்படுத்தித் திருப்பித் தருவது இன்னொரு வகை. 'வெஜிடேட்டிவ் எலக்ட்ரான் மைக்ராஸ்கோபி' என்ற தொடர் அண்மை ஆண்டுகளில் இருபதுக்கும் மேற்பட்ட ஆய்வுக்கட்டுரைகளில் வந்திருக்கிறது. அப்படி ஒரு நுண்ணோக்கி கிடையாது. துப்பறிந்தவர்கள் இரண்டு தடயங்களைக் காட்டினார்கள். 1959இல் வந்த பாக்டீரியா பற்றிய ஒரு கட்டுரை இரண்டு பத்திகளாக அச்சானது. ஸ்கேன் செய்த மென்பொருள் நடுக்கோட்டைக் கவனிக்காமல், இடப்பத்தி வரியின் கடைசிச் சொல்லையும் வலப்பத்தியின் சொற்களையும் ஒரே வரியாகப் படித்துவிட்டது. இன்னொன்று பாரசீக மொழி. அதில் ஸ்கேனிங் என்பதற்கான சொல்லும் தாவர வளர்ச்சி சார்ந்த சொல்லும் ஏறக்குறைய ஒரே எழுத்துகள். வித்தியாசம் ஒரு புள்ளி. பாலக்கில் தேடிக் கிடைக்காத புள்ளி இங்கே நிஜமாகவே இருக்கிறது. நம் ஓலைச்சுவடிகளிலும் எழுத்தாணி ஓலையைக் கிழித்துவிடும் என்று புள்ளி வைக்காமலே எழுதினார்கள். எது மெய், எது உயிர்மெய் என்று படிப்பவர்தான் இடம்பார்த்து முடிவு செய்ய வேண்டும். அந்த நிதானம் ஸ்கேனருக்கு இல்லை. அந்தத் தொடரை அப்படியே எடுத்தெழுதிய ஆய்வாளர்களுக்கும் இல்லாமல் போனதுதான் வியப்பு.

இணையத்தில் எதை நம்புவது என்று யார் எப்படி முடிவு செய்கிறார்கள் என்று அறிய, ஸ்டான்ஃபோர்டில் சாம் வைன்பர்கும் சாரா மெக்ரூவும் வரலாற்றுப் பேராசிரியர்கள், இளங்கலை மாணவர்கள், பத்திரிகைகளில் தகவல் சரிபார்ப்பவர்கள் என்று 45 பேரை இணையத்தில் தேடவிட்டுப் பார்த்தார்கள். பேராசிரியர்களில் பலரும் மாணவர்களும் வந்த பக்கத்தை மேலிருந்து கீழாகக் கவனமாகப் படித்தார்கள், பல நேரம் ஏமாந்தார்கள். சரிபார்ப்பவர்கள் சில விநாடிகளில் அந்தப் பக்கத்தை விட்டு வெளியேறி, பக்கத்துப் பக்கத்து ஜன்னல்களைத் திறந்து, இதை எழுதியது யார் என்று மற்றவர்களிடம் விசாரித்தார்கள். பெண் பார்க்கப் போகும் வீட்டைப் பற்றி அந்த வீட்டுக்காரரிடமே கேட்காமல் தெருமுனைக் கடையில் கேட்பது போல.

மாலைக்குள் புராஜெக்ட்டின் முதல் பக்கத்தில் அந்த வரி போய்விட்டது. அதற்குப் பதில் பாதிப் பக்க அட்டவணை வந்தது: எண், பச்சையா காய்ந்ததா, யார் அளந்தது, எந்த ஆண்டு. கைடு என்ன சொல்வார் என்று தெரியாது. ஆனால் அவளுக்கு அந்த நான்கு மடங்குக் கணக்கை நம்ப மனசு வரவில்லை, தானே பார்க்க வேண்டும் என்றாள். கொல்லையில் மரம் இருக்கிறது. காம்பு நீக்கி, சமையலறைத் தராசில் 100 கிராம் நிறுத்து, மொட்டைமாடிக் கூரை நிழலில் வேட்டி விரித்துப் பரப்பினாள். நான்காம் நாள் இலை தொட்டால் நொறுங்கியது. மறுபடி நிறுத்தாள், 26 கிராம்.

அண்ணி அதை டப்பாவில் கொட்டிக்கொண்டு போய், இட்லிப் பொடியில் கலந்துவிட்டார்.